இருபத்தொன்று

பாயான் லெப்பாஸில் என் வேலை
ஆக்சிஜனை விரட்டுவது.
சர்க்யூட் தட்டுகள் வேகும் அடுப்புக்குள்
நைட்ரஜனைத் திறந்துவிட்டு
மீட்டரைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.
பத்து லட்சத்தில் நூறு பங்கைத் தாண்டினால்
பற்றாசு கறுக்கும்,
சூப்பர்வைசர் முகமும்.
பதினோரு வருஷத்தில்
இந்தக் காற்றைத் திட்டாத ஷிப்ட் இல்லை.

இப்போது பெரியாஸ்பத்திரி மூன்றாம் மாடியில்
கை கழுவி, மறுபடி கழுவி,
முழங்கைவரை ஈரத்தோடு நிற்கிறேன்
ஆயிரத்து எண்பது கிராமின் முன்னால்.
அட்டையில் பெயர் இல்லை.
இந்திரகலா பேபி. பெண். இருபத்தொன்பது வாரம்.
மூக்கில் இரண்டு மென்குழாய்,
குழாய் நழுவாமலிருக்க ஒரு கம்பளித் தொப்பி,
ஒவ்வொரு மூச்சுக்கும்
விலாவின் கீழே
யாரோ விரலால் அழுத்துவதுபோல் ஒரு குழி.

குழாயின் மறுமுனை
ஒரு போத்தல் தண்ணீருக்குள்.
அடுப்பில்லாமல் இரவெல்லாம் கொதிக்கிறது அந்தத் தண்ணீர்.
குமிழ் நின்றால் கவனிக்க வேண்டுமாம்.
முதல் நாளே நின்றது.
நான் கூப்பிடக்கூட மறந்தேன்.
மிஸ்ஸி சல்மியா வந்து
ஒற்றை விரலால் குழந்தையின் தாடையை உயர்த்தினார்.
வாய் திறந்திருந்தது, அவ்வளவுதான்.
குமிழ்கள் திரும்பி வந்தன.
"இந்த வயசிலேயே வாயாடி" என்றேன்.
அவருக்குத் தமிழ் தெரியாது.
சிரித்தார்.

இரண்டு எண்கள் எனக்குப் பழகிவிட்டன.
நாங்கள் கொடுப்பது ஒன்று,
அவள் இரத்தம் வாங்கிக்கொள்வது ஒன்று.
கொடுப்பது நாற்பது.
வாங்கியது எண்பத்தேழு, எண்பத்தாறு,
துலோங் மிஸ்ஸி, கொஞ்சம் கூட்டுங்கள்.
கூட்டினார்.
தொண்ணூற்றெட்டு! கைதட்டப் போனேன்.
அதற்கும் அலறியது எந்திரம்.

திருகி இறக்கினார் மிஸ்ஸி.
நூறு வேண்டாமா என்று மலாயில் கேட்டேன்.
பதிலுக்குத் தன் கண்ணைத் தொட்டுக் காட்டினார்.
மிஞ்சினால் இதற்குள்
இரத்தக் குழாய்கள் தாறுமாறாய் வளரும்,
தொண்ணூற்றைந்துக்கு மேல் ஆசைப்படாதீர்கள், அப்பா.
அந்தக் கடைசிச் சொல் மட்டும் தமிழில்.

கையில் தையல் வலியை அழுத்திப் பிடித்தபடி
இந்திரகலா மேலே வருவாள்,
சிரிஞ்சில் நான்கு மில்லி பாலோடு.
ஹார்லிக்ஸ் போத்தல் மூடிகூட நிறையாது.
யாரும் இடித்துவிடாமலிருக்க
நான் முன்னால் நடப்பேன்.

சில நேரம் அவள் மறந்துவிடுகிறாள்,
மூச்சு விட வேண்டும் என்பதையே.
பாதத்தைச் சுண்டினால் ஞாபகம் வரும்.
அந்த மறதிக்கு மருந்து
காப்பியில் இருக்கிறதே, அதே சரக்கு, அளந்து அளந்து.
கீழே கேன்டீனில் எனக்குக் கோப்பி-ஓ,
மேலே அவளுக்கு.
அப்பனும் மகளும் இரவு ஷிப்ட்.

நாற்பது. முப்பத்தைந்து. முப்பது.
ஒரு செவ்வாய்க்கிழமை மறுபடி அறுபது.
செவ்வாய்க்கிழமையைப் பற்றி எழுதமாட்டேன்.

பிறகு முப்பத்திரண்டு.
இருபத்தெட்டில் ஒன்பது நாள் அசையவில்லை.
இருபத்தைந்து.
ஒரு காலை, நான் போய்ச் சேர்வதற்கு முன்பே,
இருபத்தொன்று.

இருபத்தொன்று என்றால் ஒன்றுமில்லை.
கொம்தாரில் பஸ்ஸுக்குக் காத்திருப்பவனுக்கும்
பெர்ரியில் மோட்டார் சைக்கிளோடு நிற்பவனுக்கும்
கேட்காமலே கிடைப்பது.
போத்தலை எடுத்துப் போய்விட்டார்கள்.
கொதிக்கும் சத்தம் இல்லாமல்
அந்த மூலை பயமாக இருந்தது.
தொண்ணூற்றிரண்டு. தொண்ணூற்றிரண்டு. தொண்ணூற்று மூன்று.
சன்னலுக்கு வெளியே புகைமூட்டம்,
கொம்தார் பாதிக்கு மேல் காணோம்.
அக்கரையில் எதையோ எரிக்கிறார்கள்.
இந்தக் காற்றுக்கா, என் தாயே,
இவ்வளவு பாடுபட்டு வந்து சேர்ந்தாய்.

அன்றிரவு வேலைக்குப் போனேன்.
மீட்டர் நூற்றெட்டு காட்டியது.
நைட்ரஜன் வால்வைத் திறந்தேன்.
திட்ட வாய் வரவில்லை.
வெளியே போ, என்றேன்,
உனக்கு இங்கே என்ன வேலை,
ரெசிடென்சி சாலையில், மூன்றாம் மாடியில்,
ஒருத்தி காத்திருக்கிறாள்.